உள்வாடகைக்காரர் பெயரும் ஒப்பந்தத்தில் வரட்டும்

தமிழ்நாடு அரசின் வீட்டுவசதி மற்றும் நகர்ப்புற வளர்ச்சித் துறைக்கு,

வணக்கம்.

சென்னை வேளச்சேரியிலோ பெருங்குடியிலோ மூன்று படுக்கையறை வீட்டை ஒருவர் தன் பெயரில் வாடகைக்கு எடுக்கிறார். முழு வாடகையையும் தனியாகக் கட்ட முடியாததால், இரண்டு அறைகளை வெளியூரிலிருந்து வேலைக்கு வந்தவர்களுக்கு உள்வாடகைக்கு விடுகிறார். ஹவுஸ் ஓனருக்கும் இது தெரியும். "சத்தம் வராம பார்த்துக்கங்க" என்பதோடு அவர் பேச்சு முடிந்துவிடும். எழுத்தில் எதுவும் இருக்காது.

2019 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்த 2017-ஆம் ஆண்டு வாடகைச் சட்டம் உள்வாடகையைத் தடை செய்யவில்லை. உரிமையாளரின் எழுத்துப்பூர்வமான முன் சம்மதமும் அதற்கென ஒரு துணை ஒப்பந்தமும் வேண்டும் என்கிறது. இல்லாவிட்டால் வாடகைதாரரை வெளியேற்றக் கேட்கலாம். இது நியாயம்தான். தன் வீட்டில் யார் இருக்கிறார்கள் என்பதை முடிவு செய்ய உரிமையாளருக்கு உரிமை உண்டு.

ஆனால் அந்தத் துணை ஒப்பந்தத்தை யாரும் எழுதுவதில்லை. அதனால் அதிகம் அடிபடுபவர் உள்ளறையில் இருப்பவர். மாதம் பிறந்ததும் வாடகையை ஜிபேயில் அனுப்பிவிடுகிறார். அது ஓனரிடம் போய்ச் சேர்ந்ததா என்று அவருக்குத் தெரியாது. அட்வான்ஸ் முதல் வாடகைதாரர் கையில் இருக்கிறது. அவர் பெங்களூருக்கு மாற்றலாகிப் போனாலோ வாடகை பாக்கி வைத்தாலோ, ஒரு நாளும் தவறாமல் பணம் கட்டியவரும் பெட்டியைக் கட்ட வேண்டியதுதான். ஓனரிடம் போய்க் கேட்டால், "உங்களை எனக்குத் தெரியாதே" என்பார். ஒப்பந்தத்தில் வேறு விதமாகப் பேசிக்கொள்ளாவிட்டால் அட்வான்ஸ் மூன்று மாத வாடகையைத் தாண்டக் கூடாது என்று சட்டம் சொல்கிறது. ஒரு துண்டுக் காகிதம்கூட இல்லாதவர் அதை யாரிடம் போய்க் கேட்பார்? ஊருக்குப் புதிதாக வந்து, சொந்தக்காரர் யாரும் இல்லாத பெண்களுக்கு இது இன்னும் கொடுமை. ராத்திரியோடு ராத்திரியாக எங்கே போவார்கள்?

எழுதிக் கொடுத்தால் உள்வாடகைக்காரருக்கும் வீட்டில் உரிமை வந்துவிடும் என்று உரிமையாளர்கள் பயப்படுகிறார்கள். 1960-ஆம் ஆண்டின் பழைய வாடகைச் சட்டத்தின் கீழ் வெளியேற்ற வழக்குகள் ஆண்டுக்கணக்கில் இழுத்ததைப் பார்த்தவர்கள் அப்படித்தான் நினைப்பார்கள். பதினோரு மாதத்துக்கு மட்டும் பத்திரம் போடும் பழக்கமும் இன்னும் போகவில்லை. புதிய சட்டத்தில் எத்தனை மாதமானாலும் எழுத்தில் ஒப்பந்தம் போட்டுப் பதிவு செய்ய வேண்டும், அந்த ஒப்பந்தத்தின் காலம்தான் கணக்கு என்பதை நீங்கள்தான் அவர்களிடம் எடுத்துச் சொல்ல வேண்டும்.

நான் கேட்பது பெரிய சட்டத் திருத்தம் இல்லை. துணை ஒப்பந்தத்துக்கு எளிய தமிழில் ஒரே பக்கத்தில் ஒரு மாதிரிப் படிவம் கொடுங்கள். யாருக்கு எந்த அறை, எவ்வளவு வாடகை, அட்வான்ஸ் யாரிடம் இருக்கிறது, எத்தனை நாள் முன்னால் சொல்லிக் காலி செய்ய வேண்டும் என்பவை அதில் இருக்கட்டும். மூன்று பேரும் கையெழுத்துப் போடட்டும். வாடகை ஒப்பந்தத்தைப் பதிவு செய்யும் இணையதளத்திலேயே, செலவில்லாமல், இதையும் ஏற்றும்படி செய்யுங்கள்.

அப்புறம் இன்னொன்று. முதல் வாடகைதாரரை வெளியேற்ற மனு வந்தால், படிவத்தில் பெயர் உள்ள உள்வாடகைக்காரருக்கும் அன்றே ஒரு குறுஞ்செய்தியாவது போக வேண்டும். வேறு இடம் தேட அவருக்குக் குறைந்தது ஒரு மாத அவகாசமும் வேண்டும்.

இப்படிக்கு,
சென்னையில் வாடகை வீட்டில் வசிக்கும் ஒருவர்