அகத்தியர் நட்சத்திரமும் அருவங்காட்டில் பிறந்தவரும்

கயல் கண்ணு,

போனில் நீ ஆபீஸ் அவசரத்தில் வைத்துவிட்டாய், நான் சொல்ல வந்தது பாதியில் நின்றுவிட்டது, அதனால் உட்கார்ந்து எழுதுகிறேன். அங்கே மெல்போர்னில் ராத்திரி பத்து மணிக்கு மேல் பால்கனியில் நின்றால் கிட்டத்தட்ட உச்சியில், கொஞ்சம் தெற்கே தள்ளி, வெள்ளையாக ஒன்று ஜொலிக்கிறது, விமானம் என்று நினைத்தேன், ஆனால் நகரவே இல்லை என்றாயே, அது அகத்தியர் நட்சத்திரம். இங்கிலீஷில் கனோபஸ். வடக்குப் பக்கம் அதைவிடப் பிரகாசமாக இன்னொன்று தெரியும், அது சிரியஸ். ராத்திரி வானத்தில் முதலிடம் சிரியஸுக்கு, இரண்டாவது இதற்கு.

இங்கே குன்னூரில் இது தெற்கே தாழ்வாகத்தான் வரும். பிப்ரவரியில் ஒன்பது ஒன்பதரைக்கு முழு உயரத்தில் நிற்கும்போதே அடிவானத்திலிருந்து 26 டிகிரிதான். டெல்லிக்குப் போனால் 9 டிகிரிகூட இல்லை, அங்கே இருக்கும் தூசிக்கும் பனிமூட்டத்துக்கும் கண்ணில் படுவதே கஷ்டம். விந்தியத்தைத் தாண்டித் தெற்கே வந்த முனிவரின் பெயரை, தெற்கே வர வர உயர்ந்துகொண்டே போகும் நட்சத்திரத்துக்கு வைத்தவர்கள் வானத்தை ஊன்றிப் பார்த்தவர்கள் என்றே எனக்குத் தோன்றும். உன் மெல்போர்னில் அது 75 டிகிரி வரை ஏறும், அதோடு கணக்குப்படி அங்கே அது மறைவதே இல்லை, ஜூன் மாத நடுராத்திரியில்கூடத் தெற்கு அடிவானத்தை உரசிக்கொண்டு கிடக்கும்.

சரி, இரண்டாவது இடம் என்றேன் இல்லையா, அது நம் கண்ணுக்கு மட்டும்தான். சிரியஸ் நம் பக்கத்து வீடு, 8.6 ஒளி ஆண்டு தூரம், ஒளி ஒரு வருஷத்தில் போகும் தூரம்தான் ஒளி ஆண்டு. அகத்தியர் ஏறக்குறைய 310 ஒளி ஆண்டு. அத்தனை தொலைவிலிருந்தும் இவ்வளவு வெளிச்சம் வருகிறதென்றால் அது எப்பேர்ப்பட்ட நட்சத்திரமாக இருக்க வேண்டும்! சூரியனைப் போல் பத்தாயிரம் மடங்குக்கு மேல் ஒளி விடுகிறது. சிரியஸ் இருக்கும் தூரத்துக்கு அதைக் கொண்டுவந்து வைத்தால் ராத்திரியில் நம் நிழல் தரையில் விழும். நீ நேற்றுப் பார்த்த வெளிச்சம் அங்கிருந்து கிளம்பியபோது தஞ்சாவூரில் மராட்டியர் ஆட்சி.

உருவமும் அப்படித்தான். சூரியனைப் போல் எழுபது மடங்கு அகலம். சூரியன் இருக்கும் இடத்தில் அதை வைத்தால் புதன் சுற்றும் பாதையைக் கிட்டத்தட்டத் தொட்டுவிடும். வெப்பமும் கூட, சூரியனின் மேற்பரப்பு சுமார் 5,800 கெல்வின், இது 7,400 பக்கம், அதனால்தான் மஞ்சள் தட்டாமல் வெள்ளையாகத் தெரிகிறது.

வெறும் புள்ளியாகத் தெரியும் ஒன்றின் அகலத்தை எப்படி அளந்தார்கள் என்று நீ கேட்பாய், சின்ன வயசிலிருந்தே உனக்கு அந்தக் கேள்விதான் முதலில் வரும். அதைச் சொல்லத்தான் எனக்கு இவ்வளவு ஆசை. அளந்தது நீ இருக்கும் நாட்டில், அளந்தவர் பிறந்தது நம் ஊருக்குப் பக்கத்தில்! ஹான்பரி பிரவுன் என்று பெயர், 1916-ல் அருவங்காட்டில் பிறந்தவர். நீ மலை ரயிலில் வெலிங்டன் தாண்டியதும் ஜன்னல் வழியாக எட்டிப் பார்ப்பாயே, அதே அருவங்காடு. அவரும் ரிச்சர்ட் ட்விஸ் என்பவரும் சேர்ந்து ஒரு வழி கண்டுபிடித்தார்கள். அதெல்லாம் நடக்காது என்று பல இயற்பியலாளர்கள் அடித்துச் சொன்னார்கள். 1956-ல் இங்கிலாந்தில் சிரியஸை அளந்து காட்டிவிட்டார்கள். அப்புறம் நியூ சவுத் வேல்ஸில் நராப்ரி என்ற ஊருக்குப் பக்கத்தில் பெரிதாகவே கட்டினார்கள்.

இரண்டு குழிந்த கண்ணாடிகள், ஒவ்வொன்றும் ஆறரை மீட்டர் அகலம், 252 சின்னச் சின்ன அறுகோணக் கண்ணாடிகளைச் சேர்த்துச் செய்தது. அவை ஓடுவதற்கு 188 மீட்டர் விட்டத்தில் வட்டமாக ஒரு ரயில் தண்டவாளம். இரண்டையும் ஒரே நட்சத்திரத்தின் பக்கம் திருப்பி, வந்து விழும் வெளிச்சத்தில் இருக்கும் மிக நுண்ணிய ஏற்ற இறக்கம் இரண்டிலும் ஒத்துப்போகிறதா என்று பார்ப்பார்கள். அருகருகே இருந்தால் ஒத்துப்போகும், விலக்க விலக்கக் குறையும். அகலமாகத் தெரியும் நட்சத்திரம் என்றால் சீக்கிரமே குறைந்துவிடும், குறுகலானது என்றால் மெதுவாக. அந்தக் குறைவை வைத்தே அகலம் கணக்கிடுவது. இப்படி 32 நட்சத்திரங்களை அளந்தார்கள், அதில் அகத்தியரும் ஒன்று. இங்கிருந்து பார்க்க அதன் அகலம் எத்தனை கோணம் என்று வந்த விடை என்ன தெரியுமா? ஒரு டிகிரியை 3,600 பங்காக்கி, அதில் ஒரு பங்கை மறுபடி ஆயிரமாக்கினால், அதில் ஏறக்குறைய ஏழு. மலை ரயில் ஓடும் ஊரில் பிறந்தவர் தண்டவாளத்தில் கண்ணாடியை ஓட்டி இதை அளந்தார் என்று நினைக்கும்போதெல்லாம் எனக்குச் சந்தோஷமாக இருக்கும்.

ஆனால் தூரம் தெரிந்தால்தானே கோணத்தை வைத்து நிஜ அகலம் சொல்ல முடியும், அங்கேதான் ரொம்ப நாள் இழுபறி. நூறு ஒளி ஆண்டு என்றும் ஆயிரத்துக்கு மேல் என்றும் ஆளுக்கொன்று சொன்னார்கள். 1989-ல் ஐரோப்பியர்கள் ஹிப்பார்கோஸ் செயற்கைக்கோளை அனுப்பி, பூமி சூரியனைச் சுற்றும்போது நட்சத்திரம் எவ்வளவு இடம் மாறித் தெரிகிறது என்று பார்த்த பிறகுதான் அந்த 310 உறுதியானது.

விண்கலம் ஓட்டுகிறவர்களுக்கும் இது வேண்டப்பட்ட நட்சத்திரம். சூரியனை மட்டும் பார்த்துக்கொண்டு போனால் விண்கலம் எந்தப் பக்கம் உருண்டிருக்கிறது என்று தெரியாது, இன்னொரு அடையாளம் வேண்டும். அகத்தியர் நல்ல பிரகாசம், கோள்கள் ஓடும் தளத்துக்கு வெகு தூரம் தெற்கே தனியாக நிற்கிறது. 1964-ல் செவ்வாய்க்குக் கிளம்பிய மாரினர் 4 முதலில் வேறு சில நட்சத்திரங்களைப் பிடித்துத் தடுமாறி, பிறகுதான் இதைப் பிடித்தது, அதற்கப்புறம் செவ்வாயின் முதல் நெருங்கிய படங்களை அனுப்பியது.

இவ்வளவு எரிந்தால் ஆயுள் நீளாது. சூரியனைப் போல் எட்டிலிருந்து பத்து மடங்கு நிறை, அதற்கு வாழ்நாள் கோடி வருஷக் கணக்கில்தான், சூரியனுக்கோ ஆயிரம் கோடி. கடைசியில் வெடிக்குமா, வெள்ளைக் குள்ளன் என்ற சின்ன மிச்சமாகச் சுருங்குமா என்பதற்கு நடு எல்லையில் நிற்கும் நிறை இது.

ஒரு வேலை சொல்கிறேன், செய். அமாவாசையை ஒட்டி வரும் சனிக்கிழமை யாராவது காரில் போனால் நீயும் சிட்டிக்கு வெளியே நல்ல இருட்டான இடத்துக்குப் போ. சிரியஸிலிருந்து அகத்தியருக்கு ஒரு கோடு இழுத்து, அதை அப்படியே இன்னும் தெற்கே நீட்டினால் கிழிந்த மேகத் துண்டு மாதிரி ஒன்று மங்கலாகத் தெரியும். மேகம் இல்லை அது, பெரிய மகெல்லன் மேகம் என்று சொல்லும் இன்னொரு கேலக்ஸி, 1,60,000 ஒளி ஆண்டு. 1987-ல் வெறும் கண்ணுக்கே தெரிந்த சூப்பர்நோவா என்ற நட்சத்திர வெடிப்பு நடந்தது அதில்தான். இங்கே அது மலைக்கு மேல் ஒரு சாண் உயரம்கூட வராது, எனக்கு ஒரு தடவையும் சரியாகத் தெரிந்ததில்லை. நீ பார்த்துவிட்டு எப்படி இருந்தது, எவ்வளவு பெரிதாகத் தெரிந்தது என்று விவரமாக எழுது. பைனாகுலர் அலமாரியில் சும்மா கிடக்காமல் எடுத்துக்கொண்டு போ, ஸ்வெட்டரும்.

அம்மா