ஊர்ச் சமாதானமும் போலீஸ் வேலையும்

அன்புள்ள மாப்பிள்ளைக்கு,

உன் கடிதம் செவ்வாய்க்கிழமை கிடைத்தது. தங்கச்சிக்கு முழங்கால் வலி குறைந்து மாடிப்படி ஏறுகிறது என்று படித்ததும் மனசுக்கு நிம்மதி. இங்கே நல்ல மழை. பள்ளி மைதானம் சேறாகிக் கிடப்பதால் பையன்களை நான்கு நாளாகத் தார்ரோட்டில்தான் ஓடவிடுகிறேன்.

சரி, உன் மருமகன் விஷயம். திருவிழாத் தகராறு கேஸில் இரண்டு தரப்பும் ராசியாகப் போகப் பேசிவிட்டதாகவும், சாட்சிகள் கோர்ட்டில் மாற்றிச் சொல்லிவிடுவார்கள், பையன் விடுதலையாகி இரண்டாம் நிலைக் காவலர் தேர்வு எழுதலாம் என்றும் எழுதியிருக்கிறாய். மாப்பிள்ளை, முதலில் அந்தப் பேச்சை நிறுத்து. ஊருக்கு அது நல்ல முடிவுதான். அவன் வேலைக்கு அதுவே உலை.

மூன்று வருஷத்துக்கு முன்பு என்னிடம் பயிற்சி எடுத்த ஒருவனுக்கு இப்படித்தான் ஆனது. 1500 மீட்டரை 7 நிமிடத்தில் முடித்தால் போதும், இவன் ஐந்தரைக்குள் முடிப்பான். எழுத்துத் தேர்வு, கயிறு ஏறுவது, மருத்துவப் பரிசோதனை எல்லாம் தாண்டினான். ஒரு பழைய அடிதடி எஃப்.ஐ.ஆரில் ஏழாவது எதிரியாக, அதாவது குற்றம் சாட்டப்பட்டவனாக, அவன் பெயர் இருந்தது. சாட்சிகள் பிறழ்ந்ததால், அதாவது கோர்ட்டில் மாற்றிச் சொன்னதால், விடுதலை. கேஸ்தான் முடிந்துவிட்டதே என்று அப்பா சொன்னதைக் கேட்டு, படிவத்தில் குற்ற வழக்கு உண்டா என்ற கேள்விக்கு ‘இல்லை’ என்று எழுதிவிட்டான். விசாரணைக்கு வந்த போலீஸ் ஸ்டேஷன் ரெக்கார்டைப் புரட்டியதும் தெரிந்துவிட்டது. தேர்வு ரத்து. அன்று மைதானத்து வேப்பமரத்தடியில் அவன் உட்கார்ந்திருந்த கோலம் இன்னும் என் கண்ணில் நிற்கிறது.

தமிழ்நாடு காவல் பணி விதிகளில் தெளிவாகவே இருக்கிறது: சந்தேகத்தின் பலனாலோ, புகார் கொடுத்தவர் பிறழ்ந்ததாலோ விடுதலையானவரும் குற்ற வழக்கில் சம்பந்தப்பட்டவராகவே கருதப்படுவார். வேலைக்கு முன் போலீஸ் வந்து விசாரிக்கும்போது வழக்கு நிலுவையில் இருந்து, பிறகு குற்றமே செய்யவில்லை என்ற கண்ணியமான விடுதலை கிடைத்தாலும் அடுத்த தேர்வில்தான் உரிமை கோர முடியும். சென்னை உயர் நீதிமன்ற முழு அமர்வு 2008-ல் இந்த விதியை ஏற்றுக்கொண்டது.

டெல்லி போலீஸ் வழக்குகளைப் பார். சமரசத்தில் முடிந்த வழக்கை மறைத்த ஒருவருக்கு, இளவயதுத் தவறைப் பொறுக்கலாம் என்று 2011-ல் உச்ச நீதிமன்றம் இரங்கியது. 2013-ல் அதே மாதிரி சமரசத்தில் விடுதலையான ஒருவரை, போலீஸுக்கு அப்பழுக்கில்லாத நடத்தை வேண்டும் என்று ஏற்கவில்லை. அப்புறம் 2016-ல் அவதார் சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் வழி சொன்னார்கள். சின்ன வயதில் கோஷம் போட்டது போன்ற அற்ப வழக்கை மறைத்திருந்தாலும் மன்னிக்கலாம். ஆனால் உண்மையைச் சொன்னாலும்கூட வேலை கொடுத்தே தீர வேண்டும் என்ற கட்டாயம் இல்லை.

லத்தியைக் கையில் கொடுக்கும் முன் ஆளைப் பார்ப்பது நியாயம்தான். ஆனால் தகராறில் கிடைத்த பெயரையெல்லாம் எஃப்.ஐ.ஆரில் எழுதிக் கொடுக்கிற வழக்கம் உனக்கும் தெரியும், எனக்கும் தெரியும். கத்தி எடுத்தவனும் கூட்டத்தில் நின்றவனும் ஒரே தட்டில் நிறுக்கப்படும்போது எனக்குத் தாங்கவில்லை.

சம்பவத்தன்று அவன் திருச்சியில் தேர்வு எழுதிக்கொண்டிருந்தான் என்று எழுதியிருக்கிறாயே, அதுதான் அவனுக்கு உயிர். அந்த ஹால் டிக்கெட்டைப் பத்திரப்படுத்து. நல்ல கிரிமினல் வக்கீலாகப் பார்த்து, சமரசத்தைக் காட்டாமல், இவன் அந்த இடத்திலேயே இல்லை என்ற காரணத்தை வைத்து உயர் நீதிமன்றத்தில் இவன் மீதான வழக்கை ரத்து செய்யக் கேட்க முடியுமா என்று கேள். இல்லையென்றால் கீழ்க்கோர்ட்டிலேயே குறுக்கு விசாரணை நடத்தி, இவனுக்குச் சம்பந்தம் இல்லை என்று தீர்ப்பில் எழுதும்படி வாதாடட்டும். காலம் பிடிக்கும், பிடிக்கட்டும். சம்பவத்தன்று 18 வயது நிறைந்திருந்ததா என்பதையும் பார். நிறையாவிட்டால் இளைஞர் நீதிச் சட்டம் துணைக்கு வரும். படிவத்தில் மட்டும் எதையும் மறைக்கக் கூடாது என்று அவனிடம் கண்டிப்பாகச் சொல்.

ஞாயிற்றுக்கிழமை அவனை இங்கே அனுப்பு. எஃப்.ஐ.ஆர்., குற்றப்பத்திரிகை நகல்களையும் கொடுத்து விடு. ஓடுகிற ஷூவையும் எடுத்து வரச் சொல். கேஸ் நடக்கிறபடி நடக்கட்டும், பயிற்சியை விட வேண்டாம்.

அன்புடன்,
உன் மச்சான்