ஆசோ மலைக்கு ஆள் ஏற்றும் முன் ஒரு கேள்வி கேளுங்கள்: ஒருநாள் சுற்றுலா நடத்துவோருக்குத் திறந்த மடல்

ஜப்பானில் ஃபுகுவோகாவிலிருந்து குமாமோட்டோ கோட்டைக்கும் ஆசோ எரிமலைக்கும் ஒருநாள் சுற்றுலா நடத்தும் நம்மவர்களுக்கு வணக்கம்.

பெயர் சொல்லி எழுதவில்லை. எங்கள் வீட்டுப் பெரியவர்களுக்கு நடந்தது எந்தப் பேருந்தில் என்பது அதை நடத்தியவர்களுக்குத் தெரியும். அவர்களிடம் தனியாகவும் சொல்லியாயிற்று. "இனிமேல் பார்த்துக்கறோம் மேடம்" என்று ஒரு வரி பதில் வந்தது. ஆனால் இதே பயணத்தை இன்னும் சில பேர் நடத்துகிறீர்கள். கைக்குக் கிடைத்த விளம்பரங்களையெல்லாம் எடுத்துப் பார்த்தேன், நான் தேடியது ஒன்றில்கூட இல்லை. அதனால் எல்லோருக்கும் சேர்த்தே எழுதுகிறேன்.

நான் கேட்பது இதுதான். பணம் வாங்கும் முன், வருகிறவர்களில் யாருக்காவது ஆஸ்துமா, மூச்சுக்குழல் கோளாறு, இதய நோய் இருக்கிறதா என்று கேளுங்கள். இருக்கிறது என்றால், ஆசோவில் புகையும் நாகாடாகே சிகரத்தின் எரிமலை வாய்க்கு அவர்கள் போகக் கூடாது என்று அப்போதே சொல்லுங்கள். மலைமேல் கொண்டுபோய் இறக்கிவிட்ட பிறகு அல்ல.

அம்மாவும் சித்தியும் திருச்சியிலிருந்து வந்திருந்தார்கள். எனக்கு லீவு கிடைக்கவில்லை. இரண்டு பேருக்கும் ஜப்பானிய மொழி ஒரு வார்த்தை தெரியாது. "தமிழ் பேசும் வழிகாட்டி உடன் வருவார்" என்று போட்டிருந்ததை நம்பித்தான் பணம் கட்டினேன். படிவத்தில் பெயர் கேட்டீர்கள், போன் நம்பர் கேட்டீர்கள், சைவமா அசைவமா என்று கேட்டீர்கள், எங்கே ஏறுவீர்கள் என்று கேட்டீர்கள். உடம்பைப் பற்றி ஒரு கேள்வி இல்லை. அம்மாவுக்குப் பல வருஷமாக வீசிங் உண்டு, கைப்பையில் இன்ஹேலர் இல்லாமல் வாசல்படி தாண்ட மாட்டார். கேட்டிருந்தால் முதல் வேலையாக அதைத்தான் எழுதியிருப்பேன்.

காலையில் கோட்டை, மதியம் சாப்பாடு, அப்புறம் மலை. மேலே போகும் ஷட்டில் பஸ் கிளம்பும் இடத்தில் இறக்கிவிட்டு எல்லோர் கையிலும் டிக்கெட்டைக் கொடுத்தாயிற்று. வரிசையில் நிற்கும்போது சித்திதான் அறிவிப்புப் பலகையைக் கவனித்திருக்கிறார். ரிட்டயர்டு டீச்சர், எங்கே போனாலும் எழுதியிருப்பதை முழுசாகப் படித்துவிட்டுத்தான் நகர்வார். ஆஸ்துமா, மூச்சுக்குழல் அழற்சி, இதய நோய் உள்ளவர்கள் எரிமலை வாய்ப் பகுதிக்குள் வரக் கூடாது என்று ஆங்கிலத்தில் தெளிவாக எழுதியிருந்தது. உங்கள் வழிகாட்டியைக் கூப்பிட்டுக் காட்டியிருக்கிறார். அந்தத் தம்பி, "அது சும்மா ஃபார்மாலிட்டிங்க, மாஸ்க் போட்டுக்கிட்டு வாங்க, பத்து நிமிஷம்தானே" என்று சொல்லிக்கொண்டே பையிலிருந்து ஒரு துணி மாஸ்க்கை எடுத்து அம்மாவிடம் நீட்டியிருக்கிறார்.

இதைக் கேட்டபோது எனக்குக் கை நடுங்கியது. துணி மாஸ்க் தூசியைத் தடுக்கும், வாயுவை எப்படித் தடுக்கும்? அந்த வாயிலிருந்து வருவது சல்ஃபர் டைஆக்சைடு. நல்ல உடம்புக்காரர்களையே இருமவைக்கும் அது, ஆஸ்துமாக்காரர்களுக்கு மிகக் குறைந்த அளவிலேயே மூச்சுக்குழாயைச் சுருக்கிவிடும். 1997-இல் இதே இடத்தில் இரண்டு சுற்றுலாப் பயணிகள் வாயுவால் உயிரிழந்தார்கள். அதற்குப் பிறகுதான் வாயு அளவைத் தொடர்ந்து அளந்து, எல்லை தாண்டினால் ஆட்களை உடனே வெளியேற்றும் ஏற்பாடு கடுமையானது. ஒலிபெருக்கியில் பல மொழிகளில் எச்சரிக்கை சொல்வதும் எரிமலை வாயைச் சுற்றிக் கான்கிரீட் பதுங்கு அறைகள் கட்டிவைத்திருப்பதும் ஃபார்மாலிட்டிக்காக அல்ல. 1958-இல் வெடித்து 12 பேர், 1979-இல் வெடித்து 3 பேர் இறந்த மலை அது. வாரத்துக்குப் பல தடவை போய் வருகிற உங்களுக்கு இதெல்லாம் நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. தெரிந்தும் சொல்லாததுதான் என் கோபம்.

அம்மா மேலே போகாமல் கீழேயே நின்றுவிட்டார். சித்தி கூடவே இருந்துவிடுகிறேன் என்றிருக்கிறார். அம்மா கேட்கவில்லை. "இவ்வளவு தூரம் வந்துட்டு நீயும் பாக்காம போறதா, போய்ட்டு வா" என்று தள்ளி அனுப்பிவிட்டார். பேருந்தைப் பூட்டிக்கொண்டு ஓட்டுநர் எங்கோ போய்விட்டார். ஷட்டில் நிலையத்துக்குள் ஒரு பெஞ்சில், புடவைமேல் ஸ்வெட்டர் போட்டுக்கொண்டு, கையில் இந்திய சிம் போட்ட போனோடு, ஒரு மணி நேரத்துக்கு மேல் தனியாக உட்கார்ந்திருக்கிறார் அம்மா. என்னைக் கூப்பிடத் தெரியவில்லை. கழிவறை எந்தப் பக்கம் என்று யாரைக் கேட்பது, எழுந்துபோன நேரத்தில் இவர்கள் வந்துவிட்டால் என்ன செய்வது என்று பயந்து எழுந்திருக்கவே இல்லை. கதவு திறக்கும்போதெல்லாம் கந்தக வாடை உள்ளே வர, முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டு இருந்திருக்கிறார். திரும்பி வந்த வழிகாட்டி கேட்டது, "என்னம்மா, நல்லா ரெஸ்ட் எடுத்தீங்களா?"

ரெஸ்ட் எடுக்கவா திருச்சியிலிருந்து ஆசோவுக்கு வந்தார்?

அவரைத் தனியாக விடாமல் இருக்க வழி இல்லாமலும் இல்லை. நிலையத்துக்குக் கொஞ்சம் கீழேதான் குசசென்ரி புல்வெளி. குளம், மேயும் குதிரைகள், எதிரே நாகாடாகேவிலிருந்து எழும் வெள்ளைப் புகை எல்லாம் அங்கிருந்தே தெரியும். எரிமலை அருங்காட்சியகமும் அங்கேதான் இருக்கிறது. முன்கூட்டியே தெரிந்திருந்தால் மேலே போக முடியாதவர்களை ஒரு துணையோடு அங்கே இறக்கிவிட்டு, திரும்பும்போது ஏற்றிக்கொள்ளலாம். அதற்குத்தான் முன்பே கேளுங்கள் என்கிறேன்.

இன்னொன்றும் இதோடு சேர்ந்தது. உடம்பு நன்றாக இருப்பவர்களுக்கும் அந்த எரிமலை வாய் நிச்சயம் இல்லை. காற்று இந்தப் பக்கம் திரும்பினால் மூடிவிடுவார்கள். எரிமலை எச்சரிக்கை நிலை இரண்டுக்கு ஏறினால் அந்த வாயிலிருந்து ஒரு கிலோமீட்டர் தூரத்துக்குள் யாரும் போக முடியாது. மூடியிருக்கிறதா திறந்திருக்கிறதா என்பதை இணையத்தில் ஆங்கிலத்திலும் போடுகிறார்கள், காலையில் கிளம்பும்போது பார்த்தாலே ஓரளவுக்குத் தெரிந்துவிடும். உங்கள் விளம்பரத்திலோ "கொதிக்கும் எரிமலையை நேரில் காணுங்கள்" என்று கொட்டை எழுத்தில் இருக்கிறது, மூடினால் என்ன காட்டுவீர்கள், ஷட்டில் கட்டணத்தைத் திருப்பித் தருவீர்களா என்று ஒரு வரியும் இல்லை. ஒரு விளம்பரத்தில் ரோப்வே படம்கூட இருக்கிறது. 2014-இல் நின்றுபோய், 2016 வெடிப்பில் சேதமாகி, பிறகு ஓடவே இல்லாத ரோப்வே அது. படத்தையாவது மாற்றுங்கள்.

எழுத உட்கார்ந்த பிறகு கோட்டையைப் பற்றியும் சொல்லாமல் இருக்க முடியவில்லை. அம்மாவால் அன்று முழுமையாகப் பார்க்க முடிந்திருக்கக்கூடிய இடம் அதுதான். 2016 ஏப்ரல் 14-ஆம் தேதியும் 16-ஆம் தேதியும் வந்த நிலநடுக்கங்களில் கற்சுவர்கள் சரிந்து, ஓடுகள் உதிர்ந்து கிடந்த கோட்டை. பெரிய கோபுரத்தைச் சீராக்கி 2021 ஜூனில் உள்ளே விட ஆரம்பித்தார்கள். வயதானவர்களை நினைத்து மின்தூக்கி வைத்திருக்கிறார்கள், சீரமைப்பு நடப்பதைப் பார்த்தபடியே போவதற்கு உயரத்தில் நடைபாதை போட்டிருக்கிறார்கள். மொத்த வேலையும் முடிய 2052 ஆகும் என்று நகர நிர்வாகம் வெளிப்படையாகவே சொல்லியிருக்கிறது. விழுந்த கற்களுக்கு எண் போட்டு, பழைய புகைப்படங்களோடு ஒப்பிட்டு, எது எங்கே இருந்ததோ அங்கேயே வைக்கிற வேலை அவ்வளவு காலம் எடுக்கும். நிலநடுக்கத்தில் ஈடாமாரு என்ற மூலைக் கோபுரத்தை ஒரே ஒரு வரிசை மூலைக்கற்கள் தாங்கி நின்ற படத்தை நீங்களும் பார்த்திருப்பீர்கள். நம் பெரிய கோயில்களில் கல்லைத் தொட்டுப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இதைச் சொன்னால் வாயடைத்துக் கேட்பார்கள்.

உங்கள் வழிகாட்டி சொன்னது, "இது காட்டோ கியோமாசா கட்டினது, நாப்பது நிமிஷம், போட்டோ எடுத்துட்டு வந்துடுங்க." கோபுரத்துக்குள் போகவே நேரமில்லை. அந்தப் பிரபு 1607-இல் கட்டி முடித்த கோட்டையின் பெரிய கோபுரம், சாட்சுமா சாமுராய்கள் அரசை எதிர்த்த 1877 போரின்போது எரிந்துபோனதும், இன்று நிற்பது 1960-இல் கான்கிரீட்டில் எழுப்பியது என்பதும், கீழே சரிவாகத் தொடங்கி மேலே செங்குத்தாக எழும் அந்தச் சுவரில் எதிரி ஏற முடியாமல் போனதும் சித்தி அங்கே வாங்கிய கையேட்டில் படித்துத்தான் இரண்டு பேருக்கும் தெரிந்தது. தமிழில் சொல்ல ஆள் வருவார் என்றுதானே காசு வாங்கினீர்கள்? மதியம் நினைவுப்பொருள் கடைக்கு ஒரு மணி நேரம் கொடுக்க முடிந்தவர்களுக்கு, கோட்டைக்கு ஏன் நேரமில்லை?

சரி, பேச்சு எங்கோ போய்விட்டது. கடைக்கு நிறுத்துவதில் உங்களுக்கு ஏதோ வருமானம் இருக்கலாம், அது உங்கள் தொழில். நம் ஊர்ப் பெரியவர்களுக்கு இந்த நாட்டைக் காட்டத் தமிழில் ஏற்பாடு செய்வதே நல்ல காரியம் என்றுதான் இப்போதும் நினைக்கிறேன். இந்தப் பயணத்தை நிறுத்தச் சொல்லவில்லை. தென்வடலாக 25 கிலோமீட்டர், கீழ்மேலாக 18 கிலோமீட்டர் விரிந்த ஆசோவின் பெருங்குழிக்குள் ஊரும் வயலும் ரயில்பாதையுமாக ஜனங்கள் வாழ்வதை எல்லோரும் ஒருதடவை பார்க்க வேண்டும். எரிமலை வாய்க்குப் போக முடியாத அம்மாவைப் போன்றவர்களும் பார்க்கலாம், நீங்கள் கொஞ்சம் மனது வைத்தால்.

ஆகவே மறுபடியும் பணிவாகக் கேட்டுக்கொள்கிறேன். பதிவுப் படிவத்தில் உடல்நலக் கேள்வியைச் சேர்த்து, பணம் வாங்கும் முன் கேளுங்கள். மேலே போக முடியாதவர்களுக்கு என்ன ஏற்பாடு, வாய் மூடியிருந்தால் என்ன ஏற்பாடு என்பதைத் தமிழில் எழுதிக் கொடுங்கள். "மாஸ்க் போட்டுக்கிட்டு வாங்க" என்று இனி எவரிடமும் சொல்லக் கூடாது என்பதை உங்கள் வழிகாட்டிகளுக்கு அடுத்த பேருந்து கிளம்பும் முன்பே சொல்லிவிடுங்கள். படிவத்தில் சேர்க்க வேண்டிய வரிகளைத் தமிழில் எழுதித் தரவும், விதிமுறைகளை ஜப்பானிய மொழியிலிருந்து படித்துச் சொல்லவும் நான் தயார். மாற்றியதும் ஒரு வரி தெரியப்படுத்தினால் நன்றியோடு இருப்பேன்.

அன்புடன்,
ஃபுகுவோகாவில் வேலை பார்க்கும் ஒரு மகள்