கல்லிடம் கேட்டு எழுதுகிறேன்

அன்புள்ள அப்பாவுக்கும் அம்மாவுக்கும்,

நலம், நலமறிய ஆவல். போன கப்பலில் உங்கள் கடிதம் கிடைத்தது. அந்தக் கப்பலிலேயே பதில் போடாததற்குக் காரணம் உண்டு, சொல்கிறேன்.

முதலில் அம்மா கேட்டது. ஆமாம், இங்கே இரண்டு நிலா. எந்த அமாவாசைக்கு விரதம் இருப்பது என்று புரியாமல் இரண்டுக்கும் இருந்து பார்த்தேன். குவாரி வேலைக்கு ஒத்துவரவில்லை. இப்போது பெரிய நிலாக் கணக்கு மட்டும்தான், தாத்தா கோபித்துக்கொள்ள மாட்டார். சாப்பாட்டுக்குக் குறைவில்லை. களிக்குத்தான் நாக்கு ஏங்குகிறது. இங்கே விளைகிற ஒரு கறுப்புத் தானியத்தில் கிண்டினேன், உருண்டை பிடிக்க வரவில்லை.

அப்பா, மாந்தோப்பை ஒட்டிய நம் பாறையைக் குவாரிக்காரருக்கு லீஸுக்கு விடலாமா, உடனே பதில் போடு என்று எழுதியிருந்தீர்கள். இந்த ஊரில் உடனே பதில் சொல்வது பெரியவர் முன்னால் கால் மேல் கால் போட்டு உட்காருவது மாதிரி. சந்தையில் விலை கேட்டால் பட்டென்று சொல்வார்கள், பேரமும் பேசுவார்கள். ஆனால் கடன், கல்யாணம், நிலம், பங்காளிச் சண்டை, இதற்கெல்லாம் அன்றைக்கே வாய் திறக்க மாட்டார்கள்.

இவர்கள் நெறிக்கு சாயூ என்று பெயர். கோயில் இல்லை, பூசாரி இல்லை, உண்டியலும் இல்லை. உலகம் உண்டாகும் முன்னே யாரோ ஒருவர் ஒரு கேள்வியைக் கேட்டுவிட்டுக் கடலோரம் நமக்கு முதுகு காட்டி உட்கார்ந்திருக்கிறாராம். என்ன கேள்வி என்று யாருக்கும் தெரியாது. காற்று, தண்ணீர், மரம், மாடு எல்லாமே அவருக்குச் சொல்லப்படுகிற பதில்களாம். காற்று அவசரமாகச் சொல்லி முடித்துவிட்டது, அதனால்தான் அதற்கு உருவம் நிற்கவில்லை. கல் இன்னும் சொல்லி முடிக்கவில்லை. மனுஷன் கடைசியில் வந்தவன், கேள்வி காதில் விழுவதற்குள் பதில் சொல்கிறவன். இதைக் கேட்டதும் எனக்கு நம் பங்காளிகள் ஞாபகம்தான் வந்தது.

தெருவுக்கு ஒரு கேள்விக்கல் உண்டு. வெயில் தாழ்ந்த பிறகும் நம் பாறை வெகுநேரம் சூடு விடுமே, இங்கே அந்தச் சூட்டோடு லேசாக ஒரு முனகலும் கிளம்பும். கதை இல்லை அப்பா, கையால் தொட்டுப் பார்த்தவன் சொல்கிறேன். மணிக்கட்டு நரம்பு படும்படி கையை வைத்து, கேள்வியை ஒரே ஒரு தடவை சொல்ல வேண்டும். முனகல் நம் நாடியோடு சேர்ந்து ஓடினால், பதில் ஏற்கெனவே நமக்குத் தெரியும் என்று அர்த்தம். குறுக்கே ஓடினால், கேள்வியே சரியில்லை, மாற்றிக்கொண்டு இன்னொரு நாள் வர வேண்டும். ஆகும், ஆகாது என்று கல் ஒருநாளும் சொல்லாது.

இதற்கு எதற்குக் கல், மனுஷனிடமே கேட்கலாமே என்றேன். குவாரியில் எங்களோடு இருக்கும் பாட்டி சிரித்துவிட்டார். “மனுஷனிடம் கேட்டால் பதில் சொல்லிவிடுவானே!”

அந்தப் பாட்டி சரி என்று தலையாட்டாமல் இங்கே ஒரு கல்லை உடைக்க முடியாது. வேட்டு கிடையாது, உளியும் ஆப்பும் சம்மட்டியும்தான். அவர் கல்லின் மேல் தண்ணீர் ஊற்றி, பக்கத்திலேயே உட்கார்ந்து காய்வதைப் பார்ப்பார். மேலெல்லாம் வெளுத்த பிறகும் ஒரு இடத்தில் மட்டும் மயிரிழை போல ஈரக்கோடு நிற்கும், உள்ளே விரிசல் ஓடுகிற இடம் அது. பர்கூரில் நீங்கள் எனக்குச் சொல்லிக்கொடுத்த அதே வேலை. பிறகு சுத்தியலின் பின்பக்கத்தால் தட்டுவார். கணீரென்றால் ஆண்கல், கொஞ்சம் மெலிந்து ஒலித்தால் பெண்கல் என்று நம் சிற்பிகள் பிரிப்பதைச் சொன்னேன். பாட்டி என்னை மறுபடி மறுபடி சொல்லச் சொல்லிக் கேட்டார். வீரனுக்கு நடுகல் எடுக்கும்போதுகூட முதலில் கல்லைப் பார்த்து, நாள் குறித்து, நீராட்டி, அதற்குப் பிறகுதான் நட்டார்கள் என்றும், அப்படி நட்ட கற்களைக் கிருஷ்ணகிரி மியூசியத்தில் இன்றும் பார்க்கலாம் என்றும் சொன்னேன். மல்லச்சந்திரம் மலைமேல் இருக்கும் கல்திட்டையை, பலகைக் கற்களை நிறுத்தி மேலே மூடிய அந்தக் காலத்து அறையை, தரையில் வரைந்தும் காட்டினேன். பக்கக்கல்லில் இருக்கும் வட்ட ஓட்டை கேள்வி சொல்வதற்குத்தான் என்று அடித்துச் சொல்கிறார். இறந்தவர்களுக்காகக் கட்டியது என்றால் கேட்க மாட்டேன் என்கிறார். நானும் விட்டுவிட்டேன்.

எனக்கு இந்த நெறியில் ஒன்று மட்டும் பிடிக்கவில்லை. வைத்தியரிடம் போகலாமா என்பதற்கும் கல்லிடம் போய் நிற்பவர்கள் இருக்கிறார்கள். நெஞ்சுவலிக்கு எதற்கு முனகல்? பாட்டியிடமே சொல்லிவிட்டேன். அவர் அதற்கும் பதில் சொல்லவில்லை.

சரி, நம் விஷயம். பாறையை விடலாமா என்று கேட்டேன், குறுக்கே ஓடியது. எவ்வளவுக்கு விடலாம் என்றதற்கும் அப்படியே. பாறை போனால் கிணறு என்ன ஆகும் என்று கேட்ட அன்றைக்கு என் நாடியோடு சேர்ந்து ஓடியது. தெரிந்த விஷயம்தானே? கிணற்றின் ஊற்று அந்தப் பாறை இடுக்கிலிருந்துதான் வருகிறது. வேட்டு வைத்தால் ஊற்று எந்தப் பக்கம் திரும்பும் என்று யார் சொல்வது? அப்புறம் போர் போடுவோம். நம் பக்கத்துப் போர் தண்ணீரில் ஃப்ளோரைடு, பிள்ளைகளுக்குப் பல்லெல்லாம் காவி. அதற்காகத்தானே 2013-ல் ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டத்தையே கொண்டுவந்தார்கள். குழாயில் நமக்குக் காவிரி வரும், மாமரத்துக்கு வருமா? தை, மாசியில் பூ எடுக்கும்போது கிரஷர் தூசி படிந்தால் பெங்களூரா மாமரம் காய் பிடிக்காது, கூழ் பேக்டரிக்கு எதை ஏற்றுவது?

அதனால் பாறையை விட வேண்டாம். அட்வான்ஸ் வாங்கியிருந்தால் திருப்பிக் கொடுத்துவிடுங்கள், குறைகிற பணத்தை இந்தக் கப்பலிலேயே அனுப்பியிருக்கிறேன். அம்மாவையும் ஒரு வார்த்தை கேளுங்கள், தோப்புக்குத் தண்ணீர் பாய்ச்சுவது அவர்தான்.

குவாரிக்காரர் திரும்ப வந்தால் கிணற்றையும் தோப்பையும் காரணமாகச் சொல்லுங்கள். மகன் கல்லைக் கேட்டுச் சொன்னான் என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள், டீக்கடையில் என் பெயர் கெட்டுப்போகும்.

இப்படிக்கு,
உங்கள் மகன்