லண்டனில் இருக்கும் பாப்பாவுக்கு

மஞ்சக்குப்பம், கடலூர்

பாப்பாவுக்கு,

அப்பா எழுதுகிறேன். வாட்ஸப்பில் எது அனுப்பினாலும் ஒரு கட்டைவிரலைக் காட்டிவிட்டுப் போய்விடுகிறாய். அதனால்தான் உட்கார்ந்து பேப்பரில் எழுதுகிறேன். அக்கா பையன் இதைப் படமெடுத்து உனக்கு அனுப்புவான். இங்கே எல்லோரும் சௌக்கியம். அம்மாவுக்கு முழங்கால் வலி பரவாயில்லை. மாசி மகத்துக்குத் தேவனாம்பட்டினம் போயிருந்தோம். தீர்த்தவாரி முடிவதற்குள் வெயில் ஏறிவிட்டது. அம்மா உன் பெயரைச் சொல்லி இன்னொரு முழுக்குப் போட்டாள். சின்ன அத்தை பண்ருட்டி முந்திரித் தோப்பை இந்த வருஷமும் முன்பணம் வாங்கிக் குத்தகைக்கு விட்டுவிட்டாள். சொல்லச் சொல்லக் கேட்கவில்லை. அதைப் பற்றிப் பிறகு சொல்கிறேன்.

சர்வதேச விளையாட்டுச் சங்கத்தின் நிதிக் குழுவில் உன் பெயர் வந்திருப்பது அம்மா சொல்லித்தான் எனக்குத் தெரியும். அப்பாவிடம் நீயே ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சரி, போகட்டும். அந்தப் பட்டியலை அச்செடுத்து மேஜைக் கண்ணாடிக்கு அடியில் வைத்திருக்கிறேன். எத்தனை நாட்டுப் பெயர்கள், அதில் நம் இனிஷியலோடு உன் பெயர். பார்க்க வருகிறவர்கள் எல்லோரும் "பொண்ணு பேங்க்ல இருக்கா, ஸ்போர்ட்ஸ்ல இருக்கா?" என்று கேட்கிறார்கள். இரண்டிலும் என்கிறேன். யாருக்கும் அது சட்டென்று புரிவதில்லை. எனக்குப் புரிகிறது. நம் வீட்டில் பந்துதானே பேங்க் வேலையைக் கொடுத்தது. தேவனாம்பட்டினம் மணலில் வாலிபால் ஆடியவனை ஸ்போர்ட்ஸ் கோட்டாவில் கூப்பிட்டு கவுண்டரில் உட்கார வைத்தார்கள். பகலில் லெட்ஜர், சாயங்காலம் நெட். நீ செய்வது அதே இரண்டும்தான், அளவுதான் பெரிது.

லண்டனில் உன் பேங்க் விளையாட்டுச் சங்கங்களுக்கும் லீக்குகளுக்கும் முதலீட்டாளர்களைத் தேடிக் கொடுக்கிறது. ஸ்விட்சர்லாந்தில் லோசானில் நீ ஒரு சங்கத்தின் கணக்கைப் பார்க்கும் குழுவில் இருக்கிறாய். ஒன்று சம்பளத்துக்கு, இன்னொன்று சேவைக்கு. இப்படி இருப்பதில் தப்பு எதுவும் இல்லை. ரிச்சர்ட் காரியான் என்று போர்ட்டோரிகோவைச் சேர்ந்த ஒருவர் அங்கே ஒரு பெரிய வங்கியின் தலைவராக இருந்துகொண்டே சர்வதேச ஒலிம்பிக் கமிட்டியின் நிதிக் குழுவுக்கும் தலைவராக இருந்தார். 2011ல் அமெரிக்க டிவி உரிமையை நான்கு ஒலிம்பிக்குகளுக்கு 438 கோடி டாலருக்கு என்பிசி சேனலிடம் விற்ற பேச்சுவார்த்தையை நடத்தியவர் அவர்தான். 2013ல் அந்தக் கமிட்டியின் தலைவர் தேர்தலில் நின்று தாமஸ் பாக்கிடம் தோற்றார். பணம் தெரிந்தவர்கள் விளையாட்டுக்குள் வரத்தான் வேண்டும். வராததால் கெட்ட சங்கங்கள் நிறைய.

பொங்கலன்று போனில் நீ கேட்டது எனக்கு மறக்கவில்லை. கரும்பு வாங்கியாச்சா, அது இது என்று பேசிக்கொண்டே வந்தவள், "அப்பா, அந்தக் காலத்துல உங்க கிளப்பு உங்க பேங்க்லயே லோன் கேட்டப்போ என்ன பண்ணீங்க?" என்றாய். நான் வாயைத் திறப்பதற்குள் யாரோ கூப்பிடுகிறார்கள் என்று வைத்துவிட்டாய். அப்புறம் அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. நீ சரியாகத் தூங்குவதில்லை என்று அம்மா சொல்கிறாள். நான் ஏன் என்று கேட்கவில்லை. கேட்டதற்குப் பதில் மட்டும் சொல்கிறேன்.

அப்போது நான் லோன் செக்‌ஷனில் இருந்தேன். எங்கள் வாலிபால் கிளப்புக்குப் பொருளாளரும் நானே. ராத்திரியில் லைட் போட்டு மாநில அளவில் டோர்னமெண்ட் நடத்த வேண்டும் என்று எல்லோருக்கும் ஆசை. எங்கள் டீமில் பந்தைத் தூக்கிக் கொடுக்கும் செட்டர்தான் கிளப் செயலாளர். உனக்கு அவரைத் தெரியும், காது குத்தலுக்கு வெள்ளிக் கொலுசு போட்ட மாமா. கடன் மனுவோடு நேராக என் மேஜைக்கே வந்துவிட்டார். நான் அதைப் பிரிக்கவில்லை. மேனேஜருக்கு ஒரு பக்கம் எழுதினேன்: இந்தச் சங்கத்தின் பொருளாளர் நான், இந்த ஃபைல் என்னிடம் வரக்கூடாது, இதைப் பற்றி என் அபிப்பிராயத்தையும் கேட்கக்கூடாது என்று. அன்று சாயங்காலம் கிளப் கூட்டத்திலும் அதையே சொல்லி, மினிட்ஸில் எழுத வைத்து, கடன் பேச்சு முடியும்வரை வெளியே நின்றேன். வேறொரு ஆபீசர் பார்த்தார். ஈடு இல்லை என்று மனு திரும்பி வந்தது. டோர்னமெண்ட்டை வெயிலிலேயே நடத்தினோம். செட்டர் மாமா ரொம்ப நாள் என்னோடு பேசவில்லை. "உள்ளேயே இருந்துக்கிட்டு ஒரு கையெழுத்து போட மாட்டேன்னுட்டான்" என்று ஊரெல்லாம் சொன்னார். அது வலித்தது, பாப்பா. அது நல்ல லோனாகவே இருந்திருக்கலாம். நான் பார்த்திருந்தால் கொடுத்திருப்பேன். அதனால்தான் நான் பார்க்கவில்லை.

உன்னிடம் வருகிற ஃபைலின் அளவு எனக்குத் தெரியும். என் ஆட்டத்திலேயே நடந்ததுதானே. 2021ல் சிவிசி என்ற முதலீட்டு நிறுவனம் சர்வதேச வாலிபால் சங்கத்தோடு சேர்ந்து வாலிபால் வேர்ல்ட் என்று வியாபாரப் பிரிவு ஒன்றைத் தொடங்கி, 30 கோடி டாலர் போடுவதாக அறிவித்தது. அதே வருஷம் ஐரோப்பாவில் ஆறு நாடுகள் ஆடும் ரக்பிப் போட்டியின் வியாபாரத்தில் ஏழில் ஒரு பங்கை சிவிசிக்காரர்கள் வாங்கினார்கள். நம் ஐபிஎல்லில் குஜராத் அணியையும் 5,625 கோடி ரூபாய்க்கு எடுத்தார்கள். சின்ன அத்தை தோப்பை விடுவதும் இதுவும் ஒரே மாதிரிதான். இனிமேல் காய்க்கப் போகிற முந்திரிக்கு இன்றைக்கே பணம் கைக்கு வந்துவிடுகிறது. அதை வைத்து வேலி போடலாம், போர் போடலாம், புதுக் கன்று நடலாம். அது நல்லதுதான். ஆனால் எடுத்தவன் போட்டதற்கு மேல் எடுக்கத்தான் பார்ப்பான், அது அவன் தொழில். எத்தனை வருஷத்துக்கு, கிளையை வெட்டலாமா கூடாதா, காய்ப்பு பொய்த்தால் யார் தலையில் விழும் என்பதெல்லாம் கையெழுத்துக்கு முன்பே பேசியிருக்க வேண்டும். அத்தை பேசவில்லை. உன் குழு பேச வேண்டும். பேசுகிறவள் நீயாக இருக்க வேண்டும்.

அங்கேதான் என் மனசு இடிக்கிறது. உங்கள் தொழிலில் பேங்குக்குப் பெரிய கட்டணம் டீல் முடிந்தால்தான், அதுவும் டீலின் அளவில் இத்தனை சதவீதம் என்று நீதான் சொல்லிக் கொடுத்தாய். அப்படியென்றால் பேங்கில் இருக்கிறவளுக்கு டீல் முடிய வேண்டும், பெரிதாகவும் முடிய வேண்டும். நிதிக் குழுவில் இருக்கிறவளோ இந்தப் பணம் நமக்குத் தேவையா என்று முதலில் கேட்க வேண்டும். இரண்டு பேரும் நீயே என்றால் என்ன செய்வாய்? ஒரு பிரிவில் தெரிந்தது இன்னொரு பிரிவுக்குப் போகாமல் பேங்குக்குள் தடுப்புச் சுவர் வைத்திருக்கிறார்கள் என்றாய். உன் மண்டைக்குள் அந்தச் சுவரை யார் வைப்பது? அதனால் நான் இரண்டு பக்கமும் இருக்கிறேன், இதில் ஒதுங்கிக்கொள்கிறேன் என்று எழுத்தில் கொடு. பேங்குக்கும் கொடு, சங்கத்துக்கும் கொடு. மினிட்ஸில் ஏறியதா என்று அடுத்த கூட்டத்தில் பார்.

உனக்கு எச்சரிக்கை சொல்ல எனக்கு என்ன தகுதி என்று நினைக்காதே. பேப்பரில் வந்ததை எல்லாம் வெட்டி வைத்திருக்கிறேன். சர்வதேச வாலிபால் சங்கத்துக்கு ருபென் அகோஸ்டா 1984லிருந்து 2008வரை தலைவராக இருந்தார். ஆட்டத்தை மாற்றியவர் அவர்தான். நாங்கள் ஆடியபோது சர்வீஸ் போட்ட பக்கத்துக்குத்தான் பாயிண்ட், 15 பாயிண்ட் ஒரு செட், சில செட் முடியவே முடியாது. அதை டிவிக்காக ஒவ்வொரு பந்துக்கும் பாயிண்ட், 25 பாயிண்ட் செட் என்று ஆக்கினார்கள். கேரளத்து வீரர் ஜிம்மி ஜார்ஜின் ஆட்டத்தைப் பார்த்து வளர்ந்த எங்களுக்கு முதலில் பிடிக்கவில்லை, போகப் போகப் பழகிவிட்டது. ஆட்டத்துக்கு அதனால் பணம் வந்தது உண்மை. அந்தப் பணத்தைக் கொண்டுவந்த ஒப்பந்தங்களில் 10 சதவீதம் கமிஷன் தலைவருக்கே போனதும் உண்மை. விதியிலேயே அதற்கு இடம் இருந்தது என்றார்கள். விதியில் இடம் இருந்தால் சரியாகிவிடுமா?

சர்வதேசக் குத்துச்சண்டைச் சங்கத்தைப் பார். அமெரிக்காவில் லீக் நடத்த அஜர்பைஜான் நிறுவனம் ஒன்றிடம் 1 கோடி டாலர் கடன் வாங்கினார்கள். லீக் நிற்கவில்லை, கடன் நின்றது. அப்புறம் ரஷ்ய எரிவாயுக் கம்பெனியின் ஸ்பான்சர் பணத்தில் கடனை அடைத்தார்கள். ஒரே ஆள் பணத்தில் நிற்கிறீர்கள் என்று அதுவும் குறையானது. நடுவர் தீர்ப்பு, நிர்வாகம் என்று வேறு புகார்களும் சேர்ந்து, 2023 ஜூனில் ஒலிம்பிக் கமிட்டி அந்தச் சங்கத்தின் அங்கீகாரத்தையே எடுத்துவிட்டது. சர்வதேச செஸ் சங்கத்தின் தலைவர் மேல் அமெரிக்கா 2015ல் தடை போட, 2018ல் சங்கத்தின் கணக்கையே மூடுகிறோம் என்று ஸ்விஸ் பேங்க் சொல்லிவிட்டது. நாலு வருஷம் கழித்து மாமல்லபுரத்தில் ஒலிம்பியாட் நடந்தபோது நீயும் நானும் போய் நின்றோமே, அதே சங்கம்தான். அப்போது ஆட்களை மாற்றிச் சீர் செய்திருந்தார்கள். சீர் செய்ய முடியும் என்பதற்காகவும் இதைச் சொல்கிறேன், பயமுறுத்த மட்டும் அல்ல.

நீ இந்த வழிக்கு வந்ததே எப்படி என்று எனக்கு நினைவிருக்கிறது. 2014 பிப்ரவரியில் ரஷ்யாவின் சோச்சியில் குளிர்கால ஒலிம்பிக் தொடக்க விழா. நம் ஒலிம்பிக் சங்கம் 2012 டிசம்பரிலிருந்து தடையில் இருந்ததால் நம் பிள்ளைகளுக்குத் தேசியக் கொடி இல்லை. பனிச்சறுக்கு வண்டி வீரர் சிவ கேசவனும் மற்றவர்களும் ஒலிம்பிக் கொடியின் கீழே வந்தார்கள். நீ டிவி முன்னால் எழுந்து நின்று, "விளையாடுறவங்க என்னப்பா தப்பு பண்ணாங்க?" என்று கேட்டாய். அவ்வளவு கோபம் உனக்கு. தடை சில நாளில் நீங்கியது, ஆனால் அந்த ராத்திரி போனது போனதுதான். தேர்வுக்குப் படிக்கிறேன் என்றவள் மறுநாள் சங்க விதிகளைத் தேடிப் படித்தாய். அந்தக் கோபம் உன்னிடம் இன்னும் இருக்க வேண்டும் என்றுதான் எனக்கு. பெரிய ஓட்டல், கண்ணாடிக் கட்டிடம் எல்லாம் பழகிவிடும். அநியாயம் மட்டும் பழகிப் போய்விடக் கூடாது.

பாட்டி திதிக்கு நீ வரவில்லை. வேலை என்றாய், நம்பினேன். அம்மா நம்பவில்லை. ஞாயிற்றுக்கிழமை ஒரு அரை மணி நேரம் பேச முடியாத அளவுக்கு என்ன வேலை என்று அவள் கேட்டால் நான்தான் சமாளிக்கிறேன். சாப்பாட்டை ஒழுங்காகச் சாப்பிடு. விமானத்தில் கொடுப்பதை மட்டும் நம்பி இருக்காதே. அம்மா முந்திரியும் எள்ளுருண்டையும் கட்டி வைத்திருக்கிறாள், அங்கே வருகிற மஞ்சு அக்கா கையில் கொடுத்தனுப்புகிறோம்.

மறுபடியும் சொல்கிறேன், எழுத்தில் கொடு. வாயால் சொன்னேன் என்பது நாளைக்கு நிற்காது. அந்த விஷயம் பேசும்போது அறையை விட்டு எழுந்து வந்துவிடு. வெளியே வந்துவிட்டு காபி குடிக்கிற இடத்தில் அதைப் பற்றிக் கருத்து சொல்லாதே. உன் மேலதிகாரி இதெல்லாம் சின்ன விஷயம் என்பார். சங்கத்தில் இருக்கிறவர்கள் நீ நம்ம ஆள்தானே என்பார்கள். இரண்டு பேருமே பிரியமாகத்தான் சொல்வார்கள், செட்டர் மாமா சொன்ன மாதிரி. அவர் இப்போது தினமும் சாயங்காலம் வீட்டுக்கு வருகிறார். உன் பெயர் பட்டியலில் வந்ததை எல்லோருக்கும் முதலில் சொன்னவர் அவர்தான்.

எழுதிக் கொடுத்த பிறகும் சரிவராது, இரண்டில் ஒன்றை விட வேண்டும் என்று வந்தால் விட்டுவிடு. எதை விடுவது என்பது உன் முடிவு, நான் அதில் வர மாட்டேன். பேங்கை விட்டால் லண்டன் வீட்டுத் தவணை என்ன ஆகும் என்ற கவலை மட்டும் உன் முடிவுக்குள் வரக்கூடாது. கோண்டூர் மனையை விற்க அம்மாவும் நானும் சம்மதித்துவிட்டோம். உன் கல்யாணத்துக்கு என்று வைத்தது, நீதான் வேண்டாம் என்றாய். வில்லங்கச் சான்று எடுத்தாகிவிட்டது, எதுவும் இல்லை. நீ ஒரு வார்த்தை சொன்னால் போதும், காரணம் சொல்ல வேண்டாம்.

அப்பா