பொன்விழா அழைப்பிதழில் விடுபட்டவர்களுக்கு

ஜெய் யேசு. ஜோஹார்.

என் குருத்துவப் பொன்விழா அழைப்பிதழில் ஆயர் தொடங்கிப் பங்குப்பேரவை வரை பெயர்கள் வரிசையாக இருக்கின்றன. காவிரிக்கரையிலிருந்து ஜார்க்கண்டின் சோட்டாநாகபுரிக்கு வந்த என்னை இத்தனை காலம் நடத்திச் சென்றவர்கள் அதில் இல்லை. இந்த மடல் அவர்களுக்கு.

முதல் நன்றி எங்கள் வேதியர்களுக்கு, அதாவது குருக்கள் இல்லாத கிராமங்களில் திருச்சபைப் பணி செய்யும் பொதுநிலையினருக்கு. குந்தி மாவட்டத்தில் ஒரு பங்கு என்றால் காட்டுக்குள் சிதறிக் கிடக்கும் கிராமங்கள். நடுவே மழைக்காலத்தில் கரைபுரளும் காரோ ஆறு. சாமியார் எப்போதாவது எட்டிப்பார்ப்பார். மற்ற ஞாயிறுகளில் ஜெபம் நடத்துவதும், நோயாளியைக் கட்டிலோடு தூக்க ஆள் சேர்ப்பதும், சாவு வீட்டில் விடிய விடிய உட்கார்ந்திருப்பதும் வேதியர்தான். சம்பளம் என்று சொல்லிக்கொள்ள ஒன்றுமில்லை. எனக்கு மலேரியா முற்றியபோது அவர்கள் தோளில்தான் ஆற்றைக் கடந்தேன்.

அடுத்து, நிலப் பதிவேட்டைப் படிக்கக் கற்றுத்தந்த பெரியவர்கள். குருமடத்தில் தத்துவம், இறையியல் எல்லாம் படித்தேன். கத்தியான் என்ற அந்த நில உரிமைப் பதிவேட்டைப் படிக்க யாரும் சொல்லித்தரவில்லை. முண்டா பழங்குடி மூதாட்டி ஒருவர் மூங்கில் குழாயிலிருந்து அதை உருவி என் முன்னால் விரித்தார். மடிப்புகள் இற்று, அடுப்புப் புகையில் பழுத்த தாள். எந்த வயல் யாருடையது, எந்தப் பாட்டன் காடு திருத்தியது என்று தாளைப் பாராமலே சொல்லிக்கொண்டு போனார். துணை ஆணையரின் அனுமதியில்லாமல் ஆதிவாசி நிலம் கைமாறக் கூடாது என்கிறது 1908ஆம் ஆண்டின் சோட்டாநாகபுரி குத்தகைச் சட்டம். ஆங்கிலேய ஆட்சிக்கு எதிரான பிர்சா முண்டாவின் கிளர்ச்சிக்குப் பிறகு வந்தது அது. அதன் ஆக்கத்தில் எங்கள் இயேசு சபையின் ஹோஃப்மன் அடிகளாருக்குப் பங்குண்டு என்று மேடைதோறும் பேசுகிறோம். அவருக்கு நில வழக்கத்தை எடுத்துச் சொன்ன முண்டாக்களை மட்டும் மறந்துவிடுகிறோம். இதில் எனக்கு நெடுநாள் வருத்தம் உண்டு.

ராஞ்சி புனித அன்னாள் புதல்வியர் சபைச் சகோதரிகளுக்கு நன்றி. 1897இல் பெர்னதெத் கிஸ்போட்டா என்ற உராவோன் பழங்குடிப் பெண் தோழியரோடு தொடங்கிய சபை அது. பிரசவ வலியில் துடிக்கும் பெண்ணுக்குச் சாமியாரால் என்ன பயன்? நள்ளிரவில் கதவு தட்டப்படுவது அவர்கள் வீட்டில்தான்.

சர்ஹூல் என்ற வசந்தகாலப் பண்டிகைக்குத் தவறாமல் சால் மரப் பூ கொடுத்தனுப்பும், ஆதிவாசிகளின் சர்னா சமயப் பூசாரிக்கும் நன்றி. என்னிடம் ஞானஸ்நானம் பெறும் எண்ணம் அவருக்கு என்றுமே இருந்ததில்லை. எங்கள் நட்புக்கு அது தேவைப்படவும் இல்லை.

திருச்சி மாவட்டம் விரகாலூரில் பிறந்து, எனக்கு முன்பே இங்கு வந்து ஆதிவாசி உரிமைகளுக்காகப் போராடிய ஸ்டேன் சுவாமி அடிகளாருக்கு நேரில் நன்றி சொல்ல வழியில்லை. 2021 ஜூலை 5 அன்று, ஜாமீன் கிடைக்காமலே, விசாரணைக் கைதியாக மும்பை மருத்துவமனையில் காலமானார். வயது 84. அரசியலமைப்பின் ஐந்தாவது அட்டவணையில் வரும் பழங்குடிப் பகுதிகளில் 1996ஆம் ஆண்டின் பெசா சட்டம் கிராமசபைக்குத் தரும் உரிமைகளை அவர் ஊர் ஊராகச் சொல்லிப் போனதைக் கேட்ட இளைஞர்கள் இன்று எனக்கே பாடம் எடுக்கிறார்கள்.

விழாவுக்கு வருகிறவர்களுக்கு ஒரு வேண்டுகோள்: பொன்னாடை வேண்டாம். இந்த ஊர் டிசம்பருக்கு அது எதற்கும் உதவாது. கம்பளிப் போர்வையாகக் கொண்டுவாருங்கள். பெண்கள் விடுதியில் இன்னும் பலருக்குப் போதவில்லை.