பத்து இடத்தில் இருந்தால் பத்து சாட்சியா?

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். வார இணைப்பில் அவ்வப்போது வெளியாகும் குழந்தைப் பெயர்ப் பட்டியல்களில் பெயருக்கு நேரே ஒரு பொருள் இருக்கிறது. அது எந்த மொழிச் சொல், எந்த அகராதியில் பார்த்தது என்பது மட்டும் இருப்பதில்லை. இணையத்தில் கிடைக்கும் பட்டியல்களும் இப்படித்தான். ஒன்றைப் பார்த்து ஒன்று எழுதுவதால், பத்து இடத்தில் ஒரே பொருள் போட்டிருந்தாலும் அது பத்து சாட்சி ஆகாது.

‘ஆரவ்’ என்ற பெயரை எடுத்துக்கொள்ளுங்கள். ‘அமைதியானவன்’ என்று பல பட்டியல்களில் பார்க்கலாம். 1899-இல் வெளிவந்த மோனியர் வில்லியம்ஸ் சமஸ்கிருத அகராதியோ ‘ஆரவ’ என்ற சொல்லுக்குக் கூச்சல், ஊளை, இரைச்சல் என்று பொருள் சொல்கிறது. ‘ரவ’ என்றால் ஒலி. அதன் முன்னால் குறில் ‘அ’ வந்தால் சமஸ்கிருதத்தில் ஒலியின்மை. நெடில் ‘ஆ’ வந்தால் கூச்சல். நெடிலைக் குறிலாக வாசித்ததில்தான் இந்த ‘அமைதி’ பிறந்திருக்க வேண்டும். ‘அரவம் கேட்டு எழுந்தான்’ என்று தமிழில் சொல்கிறோமே, அந்த அரவமும் இதே ‘ரவ’ தான்; அங்கே முன்னால் வரும் ‘அ’ இன்மையைக் குறிப்பதில்லை. கைக்குழந்தை உள்ள வீட்டுக்கு இரைச்சல்தான் பொருத்தம் என்றால் எனக்கு ஆட்சேபம் இல்லை!

ஆகவே அகராதியைத் திறக்கும் முன் எழுத்தை உறுதி செய்ய வேண்டும். ஆங்கில எழுத்தில் அரணும் அரனும் ஒன்றாகிவிடும். ஒன்று கோட்டை, மற்றது சிவன். தமிழில் எழுதிவிட்டால் தீர்ந்தது என்றும் நினைக்க முடியாது. ‘அதிதி’ என்று எழுதினால் தேவர்களின் தாயும் அதுதான், விருந்தாளியும் அதுதான். தேவநாகரியில் எழுதிப் பார்த்தால் நடு எழுத்து, கடைசி எழுத்து இரண்டுமே வேறு என்பது தெரியும். அரபுப் பெயர்களிலும் இதே சிக்கல். ‘ஹாரிஸ்’ என்பதன் கடைசி எழுத்து ‘ஸா’ என்றால் உழவன், ‘ஸீன்’ என்றால் காவலன். சமஸ்கிருத ‘நிஷா’ இரவு. இஸ்லாமியப் பெயர்களின் ஈற்றில் ‘நிஷா’ என்று ஒலிப்பது பெரும்பாலும் ‘நிஸா’, அதாவது பெண்கள். பட்டியல் போடுகிறவர்கள் எல்லாவற்றையும் ஒரே கூடையில் கொட்டிவிடுகிறார்கள்.

அகராதியையும் முழுதாகப் படிக்க வேண்டும். சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ் லெக்சிகன் 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வந்தது; இணையத்தில் இலவசமாகவே தேடலாம். சொல் வேற்றுமொழியிலிருந்து வந்தது என்று தொகுத்தவர்கள் கருதிய இடங்களில், அதன் மூலத்தை ‘<’ என்ற குறி போட்டுக் காட்டியிருப்பார்கள். மோனியர் வில்லியம்ஸில் ஒரு பொருளுக்குப் பின் ‘எல்’ என்ற ஆங்கில எழுத்து மட்டும் இருந்தால், அந்தப் பொருள் நிகண்டுகளில்தான் உண்டு, நூல் வழக்கில் கிடைக்கவில்லை என்று அர்த்தம். அந்த ஒற்றை எழுத்தைத் தாண்டிப் போகிறவர்கள்தான் அபூர்வமான பொருள்களைக் கொண்டுவந்து தருகிறார்கள்.

‘சங்க காலப் பெயர்’ என்ற முத்திரை இன்னும் கவனிக்க வேண்டியது. சொல் பழையதாக இருப்பது வேறு, அது பெயராக வழங்கியது வேறு. இரண்டும் பொருந்தினாலும் ஆண்பெயரா பெண்பெயரா என்று பார்க்க வேண்டும். ‘எழினி’யைப் பெண் குழந்தைக்கான பெயராகப் போட்டு, எழிலோடு முடிச்சுப் போட்டு, ‘அழகி’ என்கிறார்கள். புறநானூறு 158-இல் பாரி, ஓரியோடு சேர்த்துப் பாடப்படும் வள்ளல் எழினி ஓர் ஆண். அகநானூறு 36-இல் தலையாலங்கானப் போரில் தோற்ற எழுவரில் ஒருவனும் எழினி. தனிச்சொல்லாக ‘எழினி’ என்றால் திரைச்சீலை. சிலப்பதிகாரத்து அரங்கேற்று காதையில் ஒருமுக எழினி, பொருமுக எழினி, கரந்துவரல் எழினி என்று மூன்று வகைத் திரைகள் வருகின்றன. பெண்ணுக்கு இந்தப் பெயரை வைக்கக் கூடாது என்று சொல்லவில்லை. அழகி என்ற பொருளுக்காக வைத்தால் அது அங்கே இல்லை என்கிறேன்.

ஒலி ஒற்றுமையை நம்பி உறவு சொல்வதும் ஆபத்து. தமிழ்க் ‘கவின்’ அழகு. அயர்லாந்துக் ‘கெவின்’ பெயரின் முற்பகுதிக்கும் இனிமை, அழகு என்று பொருள். இரண்டும் ஒத்திருப்பது தற்செயல்தான். ‘கியாரா’ இத்தாலியப் பெயர் என்றால் ஒளி, தெளிவு. கிட்டத்தட்ட ‘கீரா’ என்று ஒலிக்கும் அயர்லாந்துப் பெயர் என்றால் கருமை. ஆங்கில எழுத்தை மட்டும் பார்த்து இரண்டையும் ஒரே வரியில் போட்டுவிடுகிறார்கள்.

பெற்றோருக்கு அவசரமும் இல்லை. தமிழ்நாட்டில் பெயர் இல்லாமலே பிறப்பைப் பதியலாம். 12 மாதத்துக்குள் கட்டணமின்றியும், பிறகு 15 ஆண்டு வரை தாமதக் கட்டணத்தோடும் பெயரைச் சேர்க்கலாம். பதிந்த பெயரை மாற்றுவதுதான் சள்ளை பிடித்த வேலை.

இனிப் பட்டியல் வெளியிடும்போது ஒவ்வொரு பெயருக்கும் மூல எழுத்து, மொழி, பார்த்த அகராதி ஆகிய மூன்றையும் சேர்த்து அச்சிட வேண்டுகிறேன். இடம் போதாது என்றால் நூறு பெயருக்குப் பதில் இருபது போடலாம்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற தமிழாசிரியர்,
கும்பகோணம்.